கண்ணுக்குத் தெரியாத துணிக்கு ஒரு இலக்கண நூல் எழுதுறது எப்படி

கற்பனை உலகம் ஒண்ண உருவாக்கி கதை எழுதுறவங்களுக்கும் சரி, ஃப்ரெண்ட்ஸோட உக்காந்து டைஸ் உருட்டி ரோல்ப்ளே கேம் ஆடுறவங்களுக்கும் சரி, ஒரு கட்டத்துல ஒரு ஆசை வரும். அந்த உலகத்துக்காரங்களே எழுதி வச்ச ஒரு பழைய நூல் கையில கிடைச்சா எப்படி இருக்கும், அதுல நாலு பக்கத்த கதைக்கு நடுவுல வச்சா எப்படி இருக்கும்னு. அப்படி ஒரு நூல எழுதுறது பத்திதான் இது. கண்ணுக்கே தெரியாத துணிய எப்படி நெய்யறதுன்னு அந்த உலகத்து அறிஞர் ஒருத்தர் எழுதின நூல், அதுக்கு பின்னாடி வந்தவங்க எழுதின உரை, உரைக்கு மறுப்பு எல்லாம் சேத்து. நான் பழைய வண்ணாரப்பேட்டை, எம்.சி.ரோடு துணிக்கடை கூட்டத்துக்கு நடுவுலயே வளந்தவன், அதனால துணி சம்பந்தப்பட்ட கதைய யாராவது மேலோட்டமா எழுதினா எனக்கு மனசு ஆறாது, அதான் இவ்ளோ நீட்டி எழுதுறேன்.

எல்லாத்துக்கும் மேல ஒண்ணு சொல்லிடறேன், மத்ததெல்லாம் இதுலருந்துதான் வரும். மந்திரம் ஒரே ஒரு எடத்துல இருக்கட்டும், மிச்சம் பூரா உழைப்பா இருக்கட்டும். ஒரு பொய்ய மட்டும் சொல்லிட்டு அந்த பொய் உண்மையா இருந்தா நெய்யறவருக்கு, துவைக்கறவருக்கு, விக்கறவருக்கு என்னென்ன தொல்லை வரும்னு ஒண்ணு விடாம யோசிச்சு எழுதினா படிக்கறவங்க நம்புவாங்க. "ஆதி முனிவர் மந்திரம் சொல்லி நெய்தார், துணி மறைந்தது"ன்னு எழுதினா யாரும் நம்ப மாட்டாங்க, ஏன்னா அதுல வேலையே இல்ல.

சரி, முதல்ல முடிவு பண்ண வேண்டியது, மறையறது எது? துணியா, துணிய போட்டுட்டிருக்கற ஆளா? இத தெளிவா பிரிக்காமயே நெறைய பேர் எழுத ஆரம்பிச்சிடறாங்க. துணி மட்டும் தெரியாதுன்னா வெளிச்சம் அதுக்குள்ள நேரா பூந்து போகுதுன்னு அர்த்தம், அப்ப உள்ள இருக்கற ஆள் நல்லா தெரிவாரு, ராஜா அம்மணமா ஊர்வலம் போற கதைதான். ஆள மறைக்கணும்னா வெளிச்சம் துணிய சுத்தி வளைஞ்சு போய் அந்தப் பக்கம் மறுபடி நேராகணும். இது வெறும் கற்பனை இல்ல, 2006ல அமெரிக்காவுல ட்யூக் பல்கலைக்கழகத்துல மெட்டாமெட்டீரியல்னு சொல்ற செயற்கை பொருள வளையம் வளையமா அடுக்கி, நடுவுல ஒரு செம்பு உருளைய வச்சு, மைக்ரோவேவ் அலைய அத சுத்தி போக வச்சு காட்டினாங்க. கண்ணுக்கு தெரியற வெளிச்சம் இல்ல, மைக்ரோவேவ்தான், அதுலயும் முழுசா மறையல, ஆனாலும் வழி இருக்குன்னு காட்டிட்டாங்க. இந்த வகைய எடுத்தீங்கன்னா ஒரு விஷயம் கூடவே வரும். வெளிச்சம் சுத்தி போயிடுச்சுன்னா உள்ள வரவே வராது, அப்ப போர்வைக்குள்ள இருக்கறவருக்கு கும்மிருட்டு. வெளிய பாக்கணும்னா கண்ணுக்கு ஓட்ட போடணும், ஓட்ட போட்டா ரெண்டு கண்ணு மட்டும் அந்தரத்துல தெரியும். திருட்டு கதை எழுதறவங்களுக்கு இது நல்லா உதவும்.

மூணாவதா ஒரு வகை இருக்கு, துணி அங்கயே இருக்கும் ஆனா பாக்கறவங்க மனசு அத கண்டுக்காது. இதுக்கு நெசவு நூல் எழுதி பிரயோஜனம் இல்ல, தறிக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்லயே.

நான் சொல்றது முதல் வகைய எடுங்க. துணி மட்டும் மறையற வகை. ஆள் மறையலன்னா என்ன லாபம்னு தோணும், ஆனா இதுல இருக்கற வேலை வேற எதுலயும் இல்ல.

இதுக்கு கொஞ்சம் இயற்பியல் வேணும், பயப்படாதீங்க, தெருவுலயே கத்துக்கலாம். ஒரு பொருள் நம்ம கண்ணுக்கு ஏன் தெரியுதுன்னா அது வெளிச்சத்த உறிஞ்சுது, இல்ல காத்துலருந்து அதுக்குள்ள போகும்போதும் வெளிய வரும்போதும் வெளிச்சம் திரும்புது, சிதறுது. எவ்ளோ திரும்பும்னு சொல்றதுதான் ஒளிவிலகல் எண். காத்துக்கு 1, தண்ணிக்கு 1.33, பருத்திக்கும் கண்ணாடிக்கும் ஒன்றரைக்கு கிட்ட. ரெண்டு பொருளுக்கு ஒரே எண் இருந்து, ரெண்டும் நிறமில்லாம இருந்தா, ஒண்ணுக்குள்ள இன்னொண்ணு மறஞ்சிடும். பஜ்ஜி மடிச்சு குடுக்கற பேப்பர் எண்ணெ பட்ட எடத்துல மட்டும் கண்ணாடியாட்டம் ஆகுது பாருங்க, பேப்பர் நாருக்கு நடுவுல காத்து இருந்த எடத்துல எண்ணெ பூந்துடுது, எண்ணெயோட எண்ணும் நாரோட எண்ணும் பக்கத்துல பக்கத்துல, அதனால சிதறல் கொறஞ்சு வெளிச்சம் உள்ள போயிடுது. மழைல நனஞ்ச வெள்ள வேட்டி உள்ள இருக்கறத காட்டிக்குடுக்கறதும் இதே கணக்குதான். இன்னும் நல்லா பாக்கணும்னா மெடிக்கல் ஷாப்ல கிளிசரின் வாங்கிட்டு வந்து ஒரு டம்ளர்ல ஊத்தி அதுக்குள்ள போரோசிலிகேட் கண்ணாடி குச்சி, அதான் கெமிஸ்ட்ரி லேப்ல கலக்க வச்சிருப்பாங்களே, அத விடுங்க. ரெண்டுக்கும் 1.47 கிட்ட, குச்சி முங்கின வரைக்கும் காணாம போயிடும். எழுதறதுக்கு முன்னாடி இத ஒரு தடவ கண்ணால பாத்துடுங்க, அந்த ஆச்சரியம் உங்க அறிஞரோட வரியில தானா வந்து உக்காரும்.

இப்ப நம்ம ஒரே பொய்ய சொல்லலாம். அந்த உலகத்துல உப்பங்கழி ஓரமா ஒரு செடி வளருது, அதோட பஞ்சு நாருக்கு காத்தோட அதே எண், 1. அவ்ளோதான், இதுக்கு மேல ஒரு பொய்யும் கூடாது. நிஜத்துல அப்படி ஒரு திடப்பொருள் கிடையாது, ரொம்ப கிட்ட வர்றது ஏரோஜெல், 1931ல கிஸ்ட்லர்னு ஒரு அமெரிக்கர் உருவாக்கினது, உள்ள பெரும்பகுதி காத்துதான், அதுவே லேசா நீலப் புகை மாதிரி தெரியும்.

இந்த ஒரு பொய்லருந்து என்னென்ன வருதுன்னு ஒவ்வொண்ணா இழுங்க. காஞ்சிருந்தா துணி தெரியாது. ஆனா தண்ணில போட்டா? தண்ணிக்கு 1.33, நாருக்கு 1, அப்ப தண்ணிக்குள்ள இருக்கற காத்துக்குமிழி எப்படி பளபளன்னு தெரியுதோ அப்படி தெரிய ஆரம்பிச்சிடும். நம்ம வேட்டிக்கு அப்படியே தலைகீழ், நனஞ்சா தெரியும், காஞ்சா மறையும். மழை வந்தா ரகசியம் வெளிய வந்துடும். கஞ்சிக்கு காத்தோட எண் கிடையாது, அதனால கஞ்சி போட்ட நூல் வெள்ளக் கூடு மாட்டின கணக்கா தெரியும். அழுக்கு தெரியும், வேர்வ உப்பு தெரியும், மஞ்சக்கறை தெரியும். அப்ப புதுத்துணிதான் தெரியாது, பழசாக பழசாக துணி வெளிய வரும், பணக்காரங்க தினம் அலசி கட்டினா ஏழைங்க உடம்புல கறை மட்டும் மெதக்கும். கடல்காத்து அடிக்கற ஊர்ல உப்பு படிஞ்சு படிஞ்சு ஓரம் எல்லாம் மங்கலா தெரிய ஆரம்பிக்கும், அதனால அந்த நூல்ல துணிய பத்திரப்படுத்தறதுக்குன்னே ஒரு இயல் இருக்கணும். பாருங்க, ஒரு பொய்லருந்து இத்தன வந்துடுச்சு, இதுல எதயும் நாம தனியா கண்டுபிடிக்கல.

அடுத்தது தறி. இதுல சோம்பேறித்தனம் பட்டா மொத்த நூலும் போச்சு. நம்ம வடசென்னைல தறி சத்தம் கேக்கறது இப்ப அபூர்வம், ஒரு காலத்துல அப்படி இல்ல. திருவொற்றியூர் பக்கம் காலடிப்பேட்டைய 1717லருந்து 1720 வரைக்கும் மெட்ராஸ் கவர்னரா இருந்த ஜோசப் காலெட் நெசவுக்காரங்கள குடி வச்சு உண்டாக்கினது, அவர் பேர்தான் ஊர் பேராச்சு. இன்னிக்கி தறி பாக்கணும்னா காஞ்சிபுரம், ஆரணி போங்க, பவர்லூம் பாக்கறதுக்கு திருவள்ளூர் மாவட்டத்துல பொதட்டூர்பேட்டை, அம்மையார்குப்பம் பக்கம் போகலாம். உங்களுக்கு வேண்டியது குழித்தறிதான், அதாவது குழிக்குள்ள கால விட்டு உக்காந்து நெய்யற கைத்தறி. போனா சும்மா வேடிக்க பாத்துட்டு வராதீங்க, அண்ணா இது என்ன, அக்கா இது எதுக்குன்னு மரியாதயா கேளுங்க, அவங்க வேலைக்கு இடைஞ்சல் இல்லாத நேரமா பாத்து கேளுங்க, முடிஞ்சா ஒரு துண்டாவது வாங்குங்க.

பாக்கும்போது கண்ண மூடிட்டு யோசிங்க, இந்த வேலைல எதுக்கெல்லாம் கண்ணு வேணும், எதுக்கு வேணாம்? விடியக்காலைல தெருவுல பாவ, அதாவது தறில நீளவாக்குல ஓடற இழைங்கள, நீட்டி கஞ்சி போட்டு ஆத்துறாங்க, வெயில் ஏறுறதுக்குள்ள முடிக்கணும். அப்பறம் பாவு இழைய ஒண்ணொண்ணா விழுதுக்குள்ள (இழைய தூக்கி எறக்கற கண்ணி), பண்ணைக்குள்ள (குறுக்கு நூல அடிச்சு நெருக்கற சீப்பு) விட்டு எடுக்கணும், பண்ணைய சில ஊர்ல அச்சுன்னு சொல்வாங்க. இதுக்கு கண்ணு வேணும். பழைய பாவோட புது பாவ பிணைக்கறது கைப்பழக்கம். மிதிக்கறது காலு, குறுக்கு நூல கொண்டு போற நாடாவ விடறது கை. நெய்துட்டு இருக்கும்போது ஒரு இழ அறுந்துட்டா? கண்ணுக்கு தெரியாத நூல்ல அறுந்தத எப்படி தேடுவீங்க? இங்கதான் உங்க நூலோட மிக நீளமான இயல் வரணும், "இழையறவு" பத்தினது. கஞ்சி இருக்கற வரைக்கும் தெரியும், ஆனா பண்ணைல உரசி உரசி கஞ்சி உதிருமே, உதிர்ந்த எடத்துல நூலு காணாம போகுமே, அப்ப நெய்யறவர் பக்கத்துல ஒரு தண்ணி கிண்ணம் வச்சுக்கிட்டு அப்பப்ப தெளிச்சு தெளிச்சு பாக்கணும், தெளிச்சா கஞ்சி நெகிழும், நெகிழ்ந்தா இழ பலமில்லாம போகும், எவ்ளோ தெளிக்கறது எப்ப நிறுத்தறதுங்கறதுதான் அவரோட மொத்த வித்தையும். இத பத்தி மட்டும் அஞ்சு பக்கம் எழுதலாம்.

கை எப்படி கண்ணோட வேலைய பாக்கும்னு தெரிஞ்சுக்கணும்னா காஞ்சிபுரம் வரைக்கும் கூட போவேணாம், காசிமேட்டு மீன்பிடி துறைமுகத்துக்கு போங்க. நரம்பு வலை இருக்குல்ல, தண்ணில மீன் கண்ணுக்கு சட்டுனு தெரியாத வலை, கண்ணுக்கு தெரியாத நெசவுன்னு நிஜ வாழ்க்கைல ஏதாவது இருக்குன்னா அதுக்கு கிட்டத்துல வர்றது அதுதான். கிழிஞ்ச வலைய தைக்கறவங்க பக்கத்துல கொஞ்ச நேரம் நில்லுங்க, பேச்சு ஒரு பக்கம் போகும், பார்வ ஒரு பக்கம் போகும், விரலு பாட்டுக்கு கண்ணிய தேடி புடிச்சு முடிச்சு போட்டுட்டே இருக்கும். அந்த விரல் என்ன பண்ணுதுன்னு நோட்ல எழுதிக்கங்க. உங்க அறிஞர் நூல்ல "விரலே கண்" அப்படின்னு ஒரு வரி மட்டும் எழுதிட்டு விட்டுடாதீங்க, எந்த விரல், நுனியா நகமா, இழுக்குதா தடவுதா, அதெல்லாம் வேணும்.

நூலோட நம்பர் விஷயத்துல ஒரு சந்தோஷமான செய்தி, அதுக்கு கண்ணே வேணாம். பருத்தி நூலுக்கு நூறாம் நம்பர், எண்பதாம் நம்பர்னு சொல்றாங்களே, அது 840 கெஜம் கொண்ட கழி, அதாவது நூல் கட்டு, ஒரு பவுண்டு எடைக்கு எத்தன வருதுங்கற கணக்கு. நூறாம் நம்பர்னா ஒரு பவுண்டுல, அதாவது அரை கிலோவுக்கும் கொஞ்சம் கம்மியான பஞ்சுல, 84,000 கெஜம், கிட்டத்தட்ட 77 கிலோமீட்டர், சென்னைலருந்து காஞ்சிபுரம் வரைக்கும் நீளும். எடையும் நீளமும்தான். அதனால உங்க உலகத்து நூல் தரகரும் தராச வச்சே நூல தரம் பிரிப்பாரு, அவங்க ஊரு கழிக்கு ஒரு நீளம், அவங்க ஊரு எடைக்கு ஒரு பேரு வச்சிட்டீங்கன்னா போதும்.

துணி அகலத்தயும் யோசிச்சு வைங்க. கயிறு இழுத்தா பறக்கற நாடாவ ஜான் கே இங்கிலாந்துல கண்டுபிடிச்சது 1733ல, அதுக்கு முன்னாடி ஒரு கையால விட்டு மறு கையால புடிக்கணும், அப்ப ஒருத்தர் தனியா நெய்யற துணி அவர் கை எட்டற அகலம்தான். உங்க உலகத்துல எது இருக்கு? கண்ணுக்கு தெரியாத ஊடைய, அதான் குறுக்கு நூல, பறக்கற நாடால விட்டா உள்ள இருக்கற தார், அதாவது நூல் சுத்தின குழல், தீந்தது கூட தெரியாம வெறும் நாடா ஓடிட்டு இருக்கும், அதனால கையால விடறதுதான் பொருத்தம்னு எனக்கு தோணுது.

அப்பறம் கரை. இது எனக்கு ரொம்ப புடிச்ச எடம். மொத்த துணியும் தெரியாதுன்னா மடிக்கறது எப்படி, வெட்டறது எப்படி, வீட்ல எங்க வச்சோம்னு தேடறது எப்படி? அதனால ரெண்டு பக்கமும் சாதா நூல்ல கரை போட்டே ஆகணும். கட்டினா உடம்புல ரெண்டு கோடு மட்டும் தெரியும். இத அந்த ஊர் சட்டமாவே ஆக்கிடுங்க, கரை இல்லாம நெய்யக்கூடாது, நெய்தா தறிய பிடுங்கிடுவாங்க. சட்டம்னு ஒண்ணு வந்துட்டா கரை இல்லாத துணிக்கு கள்ளச்சந்தை வரும், கதை தானா ஓடும்.

இனிமே நூல் எழுதற முறை. வெள்ளக்காரங்க கட்டுர வடிவத்த நகல் எடுக்காதீங்க, நம்ம கிட்டயே அதவிட நல்ல வடிவம் இருக்கு, மூலமும் உரையும். மூலம் சின்னதா, இறுக்கமா, பாதி புரியாம இருக்கணும். உரை அத பிரிச்சு போடணும். ஆரம்பத்துல பாயிரம் வைங்க. 13ஆம் நூற்றாண்டு நன்னூல் சிறப்புப் பாயிரத்துக்கு எட்டு விஷயம் சொல்லுது, ஆக்கியோன் பெயர், வழி, எல்லை, நூற்பெயர், யாப்பு, நுதலிய பொருள், கேட்போர், பயன், அதோட காலம், களம், காரணம் மூணயும் சேத்துக்கறவங்களும் உண்டு. இந்த எட்டையும் நிரப்பினாலே உங்க உலகம் பாதி நின்னுடும். எல்லைன்னா இந்த நூல் எந்தெந்த நாட்டுல வழங்குது, அப்ப எங்க தடை பண்ணிருக்காங்க? வழின்னா இது முதல் நூலா, இல்ல காணாம போன ஒரு பெரிய நூலோட வழிநூலா? கேட்போர் யாரு, நெசவுக்காரங்க பிள்ளைங்களா, இல்ல அரமனைல சம்பளம் வாங்கற அதிகாரியா? கடசி கேள்விக்கு பதில் மாறினா நூலோட தொனியே மாறிடும், அதனால அத முதல்ல முடிவு பண்ணுங்க.

பழைய இலக்கியத்துல மெல்லிய துணிய பத்தி பேசறத படிச்சுட்டு எழுதுங்க. பத்துப்பாட்டுல பொருநராற்றுப்படைல கரிகால்சோழன் பொருநருக்கு குடுக்கற ஆடைய பாம்பு உரிச்ச தோலு மாதிரின்னும், இழை போற வழிய பார்வையால புடிக்க முடியாதுன்னும் சொல்லிருக்கு. பெரும்பாணாற்றுப்படைல ஆவி மாதிரி கலிங்கம்னு வருது. இதுக்கெல்லாம் நச்சினார்க்கினியர் உரை இருக்கு, உ.வே.சா. 1889ல பத்துப்பாட்ட உரையோட பதிப்பிச்சாரு. அந்த உரைநடைய சத்தம் போட்டு படிங்க, "என்றவாறு", "என்க", "என்பாரும் உளர்" எல்லாம் எந்த எடத்துல விழுதுன்னு காதுக்கு பழகிடும். வரிய எடுத்து ஒட்ட வைக்காதீங்க, நடைய மட்டும் புடிங்க.

நான் எழுதி பாத்த ஒரு மாதிரி தர்றேன். நூலுக்கு பேரு அருவத்துகில் நூல்னு வச்சிக்கலாம்.

"கண்டுழி நெய்க; காணாக்கால் தெளிக்க;
தெளித்துழி நெகிழும்; நெகிழ்வழி நிறுத்துக."

இதுக்கு உரை: "கண்டுழி என்றது கஞ்சி நின்ற இடத்தை. காணாக்கால் என்றது அஃது உதிர்ந்த இடத்தை. தெளிக்க என்றது நீரை. நெகிழ்வழி நிறுத்துக என்றது தறியை என்பர் ஒருசாரார். அற்றன்று, நீரை என்க. தறியை நிறுத்தின் கூலி நிற்கும் ஆதலின்."

கடசி வரிய பாருங்க. உரைகாரர் ஒரு சொல்லுக்கு பொருள் சொல்ற சாக்குல தறி நின்னா சோறு இல்லன்னு சொல்லிட்டு போறாரு. உரையோட பலம் இதுதான், சின்ன சண்டைக்குள்ள பெரிய வாழ்க்கைய மடிச்சு வச்சிடலாம்.

சண்டன்னு வந்துட்டதால அதயும் சரியா அமைங்க. அறிஞர்கள் சும்மா எழுத்துப்பிழைக்கு அடிச்சுக்கறதா எழுதினா படிக்கறவங்களுக்கு ஒட்டாது. நம்ம துணில இயல்பாவே ஒரு பெரிய கேள்வி உக்காந்துட்டு இருக்கு, துணி எந்த எடத்துல மறையுது? தறில இருக்கும்போது கஞ்சியோட நல்லா தெரியுது. துணி வெளுக்கற துறைல தண்ணில அலசும்போது கஞ்சி போயிடுது, ஆனா தண்ணில இருக்கறதால வெள்ளியா மின்னுது. கொடில போட்டு காயும்போதுதான் மறையுது. அப்ப கண்ணுக்கு தெரியாத துணிய செஞ்சது யாரு? நெய்தவரா, அலசினவரா, இல்ல வெயிலா? நெசவுக்காரங்க பக்க உரைகாரர் ஒரு விதமா சொல்வாரு, துறைக்காரங்க பக்க உரைகாரர் வேற விதமா சொல்வாரு, கோயில்காரங்க வெயில் சாமிதான் செஞ்சதுன்னு சொல்லி வரிப்பணத்த அவங்க வாங்கிக்க பாப்பாங்க. அந்த கேள்விக்கு பின்னாடி இருக்கறது துணி வித்த காசுல யாருக்கு எவ்ளோ பங்குங்கறது.

எங்க ஏரியாவே இதுக்கு சாட்சி. கிழக்கிந்திய கம்பெனிக்காரன் காலத்துல மெட்ராஸ்லருந்து கப்பல் ஏறின துணிய வெளுத்து குடுத்தவங்க குடியிருந்த எடம்தான் வண்ணாரப்பேட்டை. நெய்து வந்த துணி அவங்க கைக்கு போய் வந்தாத்தான் ஏத்துமதிக்கு சரக்கு. ஆனா துணிய பத்தி பேசறப்ப நெசவு, வியாபாரம் ரெண்ட மட்டும்தான் பேசுவாங்க, வெளுத்த கைய யாரும் பேசறதில்ல. உங்க அருவத்துகில் நூல்ல அந்த கைக்கு இடம் குடுங்க. மூலத்துல இல்லன்னாலும் உரைல குடுங்க, உரைலயும் இல்லன்னா ஓரத்துல யாரோ பின்னாடி எழுதி வச்ச குறிப்புல குடுங்க.

கூலி பேச்சும் அப்படித்தான். பெரம்பூர் பி அண்ட் சி மில் தொழிலாளிங்க 1918 ஏப்ரல் 27ஆம் தேதி மெட்ராஸ் லேபர் யூனியன ஆரம்பிச்சாங்க, இந்தியால முறையா அமைஞ்ச முதல் தொழிற்சங்கங்கள்ல ஒண்ணு, செல்வபதி செட்டியார், ராமானுஜலு நாயுடு, பி.பி.வாடியா, திரு.வி.க. எல்லாம் நின்னு கட்டினது. 1921ல பெரிய போராட்டம் நடந்தது. அந்த மில் துணிய பத்தி எழுதறவங்க இந்த கதைய விட்டுட்டு எழுதினா அது முழுசா இருக்காது. உங்க உலகத்துலயும் நெசவுக்காரங்க ஒரு தடவ தறிய நிறுத்திருக்கட்டும், அது அந்த அரமனை அறிஞரோட நூல்ல எப்படி பதிவாகும்? "அவ்வாண்டு துகில் அரிதாயிற்று" அப்படின்னு ஒரே வரி, அவ்ளோதான் இருக்கும். காரணம் சொல்ல மாட்டாரு. அடுத்த நூற்றாண்டு உரைகாரர் வந்து "அரிதாயிற்று என்றது மழையின்மையான்" அப்படின்னு தப்பா விளக்கம் குடுப்பாரு. படிக்கறவங்களுக்கு மட்டும் உண்மை தெரியணும், அதுக்கு வேற ஒரு எடத்துல ஒரு சின்ன தடயம் விட்டு வைங்க, கூலி கணக்கு ஏட்டுல ஒரு மாசம் வெறுமையா இருக்கறது மாதிரி.

ஏடு சிதைஞ்ச எடம் வைக்கறது எல்லாரும் பண்றதுதான், ஆனா சும்மா அழகுக்கு வைக்காதீங்க. எந்த பக்கம் காணாம போனா யாருக்கு லாபம்னு கேளுங்க. செடி எங்க வளருதுன்னு சொல்ற பக்கம் காணோம்னா அத அழிச்சது செல்லுப்பூச்சி இல்ல, வியாபாரின்னு புரியணும்.

சந்த பத்தி ஒரு இயல் கட்டாயம். தெரியாத துணிய விக்கற ஊர்ல ஏமாத்து வேலைக்கு அளவே இருக்காது, வெறும் கைய மடிச்சு மடிச்சு காட்டிட்டு காசு வாங்கிட்டு போயிடலாம். சென்னை கோடவுன் ஸ்ட்ரீட்ல ஒரு மொத்த வியாபாரி துணிய எப்படி பாக்கறாருன்னு கவனிங்க, ரெண்டு விரல் நடுவுல வச்சு தேய்ப்பாரு, வெளிச்சத்துக்கு எதிர புடிப்பாரு, ஓரத்த இழுத்து பாப்பாரு. இதுல வெளிச்சத்துக்கு புடிக்கறது மட்டும்தான் உங்க உலகத்துல வேலைக்கு ஆகாது. அதுக்கு பதிலா சந்த அதிகாரி கையில ஒரு தண்ணிச்செம்பு. தெளிச்சா உண்மையான துணி வெள்ளியா மின்னும், இழைய எண்ணலாம், ஓட்டைய பாக்கலாம். ராஜா அம்மணமா போன கதைல ஒரே ஒருத்தர் ஒரு செம்பு தண்ணி ஊத்திருந்தா விஷயம் முடிஞ்சிருக்கும். ரகத்துக்கு பேரு வைக்கும்போது டாக்கா மஸ்லின் ரகங்கள நெனச்சுக்கங்க, ஓடுற தண்ணி, பனி, நெய்த காத்துன்னு பேரு வச்சிருந்தாங்க.

பயன் என்னங்கறதுக்கும் நல்ல பதில் வேணும். ஆள மறைக்காத துணி எதுக்கு? காயத்துக்கு கட்டு போடலாம், பிரிக்காமயே புண்ணு ஆறுதான்னு பாக்கலாம், ஆனா சீழ் வச்சா கட்டே தெரிய ஆரம்பிச்சிடும், வைத்தியருக்கு அதுவே அறிகுறி. கொசுவல போடலாம், எங்க பக்கம் இருக்கறவங்களுக்கு இதோட அருமை தெரியும். பறவை புடிக்கலாம், எல்லைல கட்டி குதிரைய விழ வைக்கலாம். போர் பயன்பாட்ட மட்டும் எழுதாம வைத்தியம், வீடு, குழந்தை தொட்டில்னு இறங்கி எழுதினீங்கன்னா அந்த நாட்டுல மனுசங்க வாழறாங்கன்னு தெரியும்.

இந்த துணி வெளிநாட்டுக்கு போனா அங்க அத என்ன பண்ணுவாங்கன்னும் ஒரு பக்கம் வைங்க. மெட்ராஸ் பக்கத்து கட்டம் போட்ட துணி மேற்கு ஆப்பிரிக்காவுக்கு போச்சு, நைஜீரியால கலபாரி மக்கள் அத அப்படியே கட்டிக்கறதோட நிக்கல, அவங்க பெண்கள் துணிலருந்து குறிப்பிட்ட இழைய மட்டும் பிளேடால வெட்டி உருவி எடுத்து, இல்லாத இழையாலயே புது டிசைன் உண்டாக்கினாங்க. நெய்தவருக்கு தெரியாத ஒரு கலை வாங்கினவர் கையில பொறந்திருக்கு. அதே மாதிரி உங்க அருவத்துகில வாங்கற தூரதேசத்துக்காரங்க அங்கங்க சாயம் தொட்டு, பூ மட்டும் அந்தரத்துல நிக்கற மாதிரி பண்ணலாம், அத பாத்து சொந்த ஊர் அறிஞர் துணிய கெடுத்துட்டாங்கன்னு கோவப்படலாம், இளைய உரைகாரர் ஒருத்தர் அதுல மயங்கி போகலாம்.

நீளம் பத்தி கேப்பீங்க. முழு நூலும் எழுதாதீங்க, முடியவும் முடியாது. பாயிரம் முழுசா, இழையறவு இயல் முழுசா ரெண்டு உரையோட, சந்தை இயல்ல பாதி, பத்திரப்படுத்தற இயல்லருந்து நாலஞ்சு நூற்பா, மீதி இயல்களுக்கு தலைப்பு மட்டும். தலைப்ப பாத்தே படிக்கறவங்க மிச்சத்த கட்டிக்குவாங்க. எழுதி முடிச்சதும் கதை படிக்கற ஃப்ரெண்ட் கிட்ட குடுக்கறதுக்கு முன்னாடி தறில உக்காந்த அனுபவம் இருக்கற யாராவது ஒருத்தர் கிட்ட இழையறவு இயல படிச்சு காட்டுங்க. அவர் நடுவுல நிறுத்தி "அப்படி தெளிச்சா பண்ணைல ஒட்டிக்குமேப்பா"ன்னு சொன்னார்னா அத உடனே எழுதிக்கங்க, ரெண்டாவது உரைகாரரோட மறுப்பு அதுதான்.